பேரப்பிள்ளைகள் கேட்கும் கேள்வி

பெற்ற மகன் சுட்டுக் கொல்லப்பட்டான் என்று தெரிந்த பின்னரும் அவனுக்கு அடக்கச் சடங்கு எதுவும் நடக்கலாகாது என்று தகப்பனாரே விதித்துவிட, அதை மறுத்து ஒரு வார்த்தை பேசும் துணிவு உற்றார் உறவினர் எவருக்கும் இல்லாமற்போய், கடல் கடந்து அமெரிக்காவில் குடியேறிவிட்ட உடன்பிறந்தார் வீட்டிலும் அந்தப் பிள்ளையைப் பற்றிய பேச்சு எழும்போதே அடங்கிவிடுகிற ஒரு குடும்பத்தை நடுவில் வைத்து, ராண்டி ரிபாய் என்ற எழுத்தாளர் 2019ஆம் ஆண்டில் ஒரு நாவலை வெளியிட்டார். ‘பேட்ரன் செயின்ட்ஸ் ஆஃப் நத்திங்’ என்பது அதன் பெயர். ரிபாய் பிலிப்பைன்ஸில் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்தவர். பள்ளிக்கூடத்தில் ஆங்கில ஆசிரியராகப் பணியாற்றியவர். பதின்பருவத்து வாசகர்களை மனத்தில் வைத்து எழுதப்பட்ட அந்த நூல், அவ்வாண்டின் அமெரிக்க தேசியப் புத்தக விருதுக்குரிய இறுதிப் பட்டியலில் இளையோர் இலக்கியப் பிரிவில் இடம் பெற்றது.

குழந்தைக் கதையின் எல்லையைத் தாண்டிவிட்ட, ஆனால் பெரியவர்களின் நாவலுக்குள் இன்னும் முழுமையாக அடி எடுத்து வைக்காத வயதினருக்கென்று ஆங்கிலத்தில் தனியாக ஓர் இலக்கியப் பிரிவு வளர்ந்திருப்பதைப் பலரும் அறிவார்கள். அந்தப் பிரிவில், பிலிப்பைன்ஸ் வம்சாவளியைச் சேர்ந்த எழுத்தாளர்கள் சென்ற பதினைந்து இருபது ஆண்டுகளில் எழுதியவை கவனத்துக்குரிய ஒரு தொகுதியாகவே சேர்ந்திருக்கின்றன. அவற்றுள் சாதாரணமானவை உண்டு. பாட்டி சமைக்கும் பண்டங்களின் பெயர்களையும் பண்டிகை விளக்குகளையும் வரிசையாக எடுத்துக் காட்டிவிட்டு, இதுதான் நம் பாரம்பரியம் என்று திருப்தியடைந்துவிடுகிறவை அவை. சிறந்தவை அவ்விதம் நின்றுவிடுவதில்லை. முன்னோரிடமிருந்து ஒரு பிள்ளைக்கு வந்து சேரும் சொத்துக்களில் மிகவும் கனமானது அவர்கள் சொல்லாமல் மறைத்துவிட்டுப் போனதுதான் என்பதையும், ஒரு மரணம் நேர்ந்து வீட்டையே உலுக்கினாலொழிய அந்த மறைப்பு விலகுவதில்லை என்பதையும் அவை கண்டுகொண்டிருக்கின்றன. இந்தக் கண்டுபிடிப்புக்காகவே இந்நூல்களைத் தமிழ் வாசகர்களுக்கு அறிமுகம் செய்ய வேண்டுமென்று எனக்குத் தோன்றியது.

அடக்கச் சடங்கை மறுப்பது எத்தகைய தண்டனை என்பதை உணர, அந்த நாட்டு மக்கள் தங்கள் இறந்தோரை எப்படி வழியனுப்புகிறார்கள் என்று சிறிது தெரிந்துகொள்ள வேண்டும். ‘லாமாய்’ என்ற பெயரில் பல நாட்கள் தொடரும் கண்விழிப்பில், சவப்பெட்டிக்கு அருகே இரவும் பகலும் யாரேனும் ஒருவர் விழித்திருப்பார்; அயல்நாட்டில் வேலை செய்யும் மகனோ மகளோ வந்து சேரும்வரை அடக்கம் காத்திருக்கும்; வந்தவர்களுக்கெல்லாம் சாப்பாடு உண்டு, துயரத்தின் நடுவே சீட்டாட்டமும் சிரிப்பும்கூட உண்டு. பின்னர் ஒன்பது நாள் பிரார்த்தனை, நாற்பதாம் நாள் வழிபாடு, ஓராண்டு நிறைந்ததும் துக்கத்தை இறக்கி வைக்கும் சடங்கு, அதற்கப்பால் ஒவ்வோர் ஆண்டும் நவம்பர் முதல் தேதியில் குடும்பம் முழுவதும் கல்லறைக்குச் சென்று மெழுகுவர்த்தி ஏற்றிப் பகலெல்லாம் தங்கியிருக்கும் வழக்கம் என்று, கத்தோலிக்க சமயத்தின் கிரமங்களும் அதற்கு முந்திய காலத்து நம்பிக்கைகளும் பின்னிப் பிணைந்த ஒரு நீண்ட அனுஷ்டானம் அது. இவ்வளவையும் ஒரு சொல்லால் ரத்து செய்துவிடும் தகப்பன், மகனை இரண்டாம் முறை இல்லாமற் செய்கிறான் என்றே அந்தச் சமூகம் எண்ணும்.

நாவலின் நாயகன் ஜே ரெகுவேரோ, மிஷிகன் மாநிலத்தில் வளர்ந்தவன். தந்தை பிலிப்பைன்ஸ்காரர், தாயார் வெள்ளை அமெரிக்கர். பள்ளிப் படிப்பு முடியும் தறுவாயில் இருக்கிறான். பல்கலைக்கழகத்தில் இடம் கிடைத்தாயிற்று. வீடியோ விளையாட்டுகளுக்கு அப்பால் எதிலும் பெரிய நாட்டம் இல்லை. கொல்லப்பட்ட ஜுன் அவனுடைய பெரியப்பா முறையான மானிங்கின் மகன், ஏறக்குறைய அவன் வயதினன். சிறு வயதில் ஒருமுறை பிலிப்பைன்ஸ் போயிருந்தபோது, பிறந்து கண் திறவாத ஒரு நாய்க்குட்டி ஜேயின் கையிலேயே உயிர் விட்டதையும், அப்போது தன் பக்கத்தில் உட்கார்ந்து ஆறுதல் கூறியவன் ஜுன்தான் என்பதையும் அவன் மறக்கவில்லை. அதன் பிறகு வருஷக்கணக்காக இருவரும் கடிதம் எழுதிக்கொண்டார்கள். ஜுனின் கடிதங்கள் ஏழ்மையைப் பற்றியும் கடவுளைப் பற்றியும் நீதியைப் பற்றியும் விடாமல் கேள்வி கேட்பவை. ஜே சில காலம் பதில் எழுதினான், பிறகு தாமதித்தான், பிறகு நிறுத்திவிட்டான். குரோதம் எதுவும் காரணமில்லை. அந்த வயதுக்கே உரிய மறதியும் சோம்பலுமே காரணம். மரணச் செய்தி வந்து சேரும்போது, பதில் எழுதாத கடிதங்கள் பெட்டியில் கிடக்கின்றன. இந்த ஒரு செய்தியைக்கொண்டே ரிபாய் தன் நாவலைத் துப்பறியும் கதையின் தரத்திலிருந்து மேலே தூக்கிவிடுகிறார். கொன்றவன் யார் என்று தேடிப் புறப்படும் பையன், தான் கைவிட்டதையும் தேடிக்கொண்டு போகிறான்.

ஜுனைப் பலி கொண்டது 2016 ஜூன் இறுதியில் பதவியேற்ற ஜனாதிபதி ரொத்ரிகோ துத்தெர்தே போதைப்பொருளுக்கு எதிராகத் தொடங்கிய யுத்தம். ‘ஷாபு’ என்று அங்கே அழைக்கப்படும் ரசாயனப் போதை ஏழைக் குடியிருப்புகளைச் சீரழித்துக்கொண்டிருந்தது பொய்யல்ல. அந்தச் சீரழிவைக் கண்டு சலித்துப்போன ஜனங்கள் அவருக்குப் பெரும் ஆதரவு தந்ததும் பொய்யல்ல. ஆனால் காவலர்கள் இரவில் குடிசைக் கதவைத் தட்டி வந்தபின், எதிர்த்துச் சுட்டதால் சுட்டோம் என்ற ஒரே வாசகம் அறிக்கைக்கு அறிக்கை திரும்பத் திரும்ப எழுதப்பட, அவருடைய ஆறாண்டு ஆட்சியில் காவல்துறையின் நடவடிக்கைகளில் மட்டும் மாண்டவர்கள் அரசாங்கக் கணக்குப்படியே ஆறாயிரத்துக்கு மேல். முகமூடி அணிந்து மோட்டார் சைக்கிளில் வந்தவர்களால் கொல்லப்பட்டவர்களையும் சேர்த்தால் தொகை பன்மடங்கு ஆகும் என்பது மனித உரிமை ஸ்தாபனங்களின் மதிப்பீடு. 2017 ஆகஸ்டில் மணிலாவை ஒட்டிய கலோகான் நகரில் பதினேழு வயது மாணவன் ஒருவனைக் காவலர்கள் இழுத்துச் சென்றது கண்காணிப்புக் காமிராவில் பதிவாகி நாட்டையே கொதிக்கச் செய்தது. அடுத்த ஆண்டு நவம்பரில் மூன்று காவலர்கள் கொலைக் குற்றத்துக்குத் தண்டிக்கப்பட்டார்கள். துத்தெர்தே 2025 மார்ச் மாதம் மணிலாவில் கைது செய்யப்பட்டு, ஹேக் நகரிலுள்ள சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றத்துக்கு அனுப்பப்பட்டார். நாவல் வெளிவந்த காலத்தில் இவை எதுவும் முடிந்த சரித்திரமாகிவிடவில்லை, கொலைகள் நடந்துகொண்டிருந்தன.

ஜுனின் தகப்பனார் மானிங் காவல்துறையில் உயர்ந்த பதவியில் இருப்பவர். அந்த யுத்தத்தில் முழு நம்பிக்கை உடையவர். இத்தகைய பாத்திரத்தை வெறும் கொடியவனாக வரைந்துவிடுவது சுலபம்; வாசகன் வெறுப்பதற்கும் வசதியாக இருக்கும். ரிபாய் அதைச் செய்யவில்லை. தாய்நாட்டின் மொழி ஒன்றும் தெரியாத, சரித்திரத்தில் ஒரு பக்கமும் படிக்காத, சில நாள் விடுமுறைக்கு வந்து நியாயம் பேசுகிற அமெரிக்கப் பையனைப் பார்த்து, இந்த நாட்டைப் பற்றிப் பேச உனக்கு என்ன அருகதை என்று மானிங் கேட்கும்போது, அந்தக் கேள்வி நியாயமான கேள்வியாகவே ஒலிக்கிறது. ஜேக்குப் பதில் இல்லை. அவனுடைய தந்தை மகனுக்குத் தன் மொழியைக் கற்றுக்கொடுக்கவில்லை. அமெரிக்காவில் அது பிள்ளைக்குத் தடையாகும் என்று அந்தத் தலைமுறையில் பலர் எண்ணியதுபோலவே அவரும் எண்ணினார். தன்னிடம் அருகதை இல்லை என்பதை ஒப்புக்கொண்டு, அதன் பிறகும் கேட்பதை நிறுத்தாமல் இருப்பதே ஜே கற்றுக்கொள்ளும் பாடம்.

மணிலாவிலிருந்து பாட்டனார் பாட்டியார் வாழும் பிகோல் பிரதேசம் வரையில் ஜுன் இருந்த இடங்களையெல்லாம் தேடிச் செல்லும் ஜே, அவன் குற்றமற்றவன் என்பதை நிரூபிப்பதற்காகவே வந்தவன். வாசகனும் அதையே விரும்புகிறான். கடைசியில் அகப்படும் உண்மையோ வேறு விதமாக இருக்கிறது: ஜுன் போதைப்பொருளைப் பயன்படுத்தியதும் விற்றதும் மெய். இந்த இடத்தில்தான் இந்நூலை ஒரு சிறந்த நாவல் என்று நான் துணிந்து சொல்லுவேன். ஜுன் களங்கமற்றவன் என்று முடித்திருந்தால், களங்கமுள்ளவர்களைக் கொல்வதில் தவறில்லை என்ற வாதம் அப்படியே நின்றிருக்கும். கருணை மிக்கவனும் அறிவாளியும் கடிதங்களில் அவ்வளவு அழகாகச் சிந்தித்தவனுமான ஒருவன் தவறியும் போனான், தவறியதற்காக அவன் இறந்திருக்க வேண்டியதில்லை என்று இரண்டையும் ஒரே மனத்தில் ஏந்திக்கொள்ளும்படி பதினாறு வயது வாசகனை ஆசிரியர் கேட்கிறார். அவனால் முடியும் என்று நம்பியும் கேட்கிறார். அந்தத் தெளிவு வந்த பிறகுதான், உற்றார் ஒன்றுகூடி ஜுனை நினைவுகூர்வது கதையில் சாத்தியமாகிறது.

அரச வன்முறையால் ஒரு குடும்பம் பிள்ளையை இழப்பதைப் பிலிப்பைன்ஸ் இலக்கியம் இதற்கு முன்பே எழுதியிருக்கிறது. லுவால்ஹாத்தி பவுத்திஸ்தா 1983இல் தாகலோக் மொழியில் வெளியிட்ட ‘தெகாதா 70’ என்ற புகழ் பெற்ற நாவலில், ஜனாதிபதி மார்க்கோஸின் இராணுவச் சட்ட ஆட்சிக் காலத்தில் ஐந்து பிள்ளைகளை வளர்க்கும் அமாண்டா என்ற தாய், ஒரு மகனைக் கிளர்ச்சிக்கும் இன்னொரு மகனைக் கொலைக்கும் கொடுத்துவிட்டுத் தானே விழிப்படைகிறாள். அங்கே பேசுகிறவள் தாய். அவள் எங்கும் போகவில்லை, நடந்ததெல்லாம் அவள் கண்முன் நடந்தது. ரிபாயின் கதையில் பேசுகிறவன் எட்டாயிரம் மைலுக்கு அப்பால் வளர்ந்தவன். இரண்டு நூல்களுக்கும் இடையே கடந்த முப்பத்தாறு ஆண்டுகளில், லட்சக்கணக்கான குடும்பங்கள் இரண்டு கண்டங்களில் பிரிந்து வாழ்வது அந்த நாட்டின் சாதாரண வாழ்க்கையாகவே ஆகிவிட்டது.

இன்னும் சிறிய வயதினருக்கு எழுதும் எரின் என்ட்ராடா கெல்லி, லூயிசியானாவில் வளர்ந்தவர். தாயார் பிலிப்பைன்ஸிலிருந்து வந்தவர். குழந்தை இலக்கியத்தின் மிக உயர்ந்த அமெரிக்க விருதான நியூபெரி பதக்கத்தை 2018இல் ‘ஹலோ, யூனிவர்ஸ்’ நூலுக்காகவும், 2025இல் மற்றொரு நூலுக்காகவும் பெற்றிருக்கிறார். பரிசு பெற்ற நூல்களைவிட அவருடைய முதல் இரண்டு நாவல்களே என் மனத்தில் ஆழப் பதிந்தவை. 2015இல் வந்த ‘பிளாக்பேர்ட் ஃப்ளை’ நூலின் ஆப்பிள் என்னும் சிறுமிக்கு, இறந்துபோன தகப்பனாரின் உடைமையாக எஞ்சியது பீட்டில்ஸ் இசைக்குழுவின் ஒலிநாடா ஒன்றே. அதைக் கேட்டுக் கேட்டுக் கிதார் கற்க ஆசைப்படுகிறாள், தாயார் மறுக்கிறார். பள்ளிக்கூடத்தில் பையன்கள் அழகற்ற பெண்கள் என்று பட்டியல் போட்டு அவள் பெயரையும் அதில் சேர்த்து, நாய் தின்னும் ஜாதி என்று ஏளனம் செய்யும்போது, தன் முகத்தையும் தாயின் உச்சரிப்பையும் வெறுக்கத் தொடங்கும் அந்தப் பெண்ணின் மனவேதனையைக் கெல்லி எந்த மிகையும் இல்லாமல் எழுதியிருக்கிறார். தாயார் கிதாரை மறுப்பது துயரத்தால் என்பது ஆப்பிளுக்கு வெகு நாள் விளங்குவதில்லை.

அடுத்த ஆண்டு வெளிவந்த ‘தி லாண்ட் ஆஃப் ஃபர்காட்டன் கேர்ள்ஸ்’ அதைவிடக் கடுமையானது. தாயும் ஒரு சகோதரியும் இறந்துவிட, அமெரிக்காவுக்கு அழைத்து வந்த தகப்பனும் ஓர் அடக்கத்துக்கென்று தாய்நாடு சென்றவன் திரும்பாமலே போய்விட, அன்பில்லாத மாற்றாந்தாயிடம் சிக்கிக்கொண்ட சோல், மிங் என்ற இரு சகோதரிகளின் கதை அது. தாயார் உயிரோடிருந்தபோது, உலகெங்கும் சுற்றி வரும் ஜோவ் அத்தை என்று ஒருத்தியைக் கற்பனை செய்து கதை சொல்லி வந்தாள். மூத்தவள் அந்தக் கதைகளைத் தங்கைக்குத் தொடர்ந்து சொல்லுகிறாள். தங்கையோ அத்தை மெய்யாகவே ஒருநாள் வந்து தங்களை மீட்டுச் செல்வாள் என்று நம்பிக் காத்திருக்கத் தொடங்கிவிடுகிறாள். தாய் விட்டுச் சென்ற ஒரே சொத்து கதை. அந்தக் கதையே குழந்தைக்குப் புண்ணாகவும் ஆகக்கூடும் என்பதைச் சிறுவர்க்கான புத்தகத்தில் சொல்லத் துணிந்தவர்கள் அதிகம் இல்லை.

தாய்நாட்டிலேயே நடக்கும் கதைகளில் மேரி மிராண்டா குரூஸின் ‘எவர்லாஸ்டிங் நோரா’வைச் சொல்லாமல் விட மனமில்லை. 2018இல் வெளிவந்த அந்நூலின் சிறுமி, தகப்பனை இழந்தபின் தாயுடன் மணிலாவின் வடக்குக் கல்லறைத் தோட்டத்தில், தன் குடும்பத்துக்குரிய கல்லறை மண்டபத்துக்குள்ளேயே வசிக்கிறாள். இது கற்பனையல்ல, 1904இல் திறக்கப்பட்ட அந்தப் பரந்த கல்லறைத் தோட்டத்தில் ஏழைக் குடும்பங்கள் தலைமுறைகளாகவே வாழ்ந்து வருகின்றன. ஒருநாள் தாயும் காணாமற்போகிறாள். லண்டனில் வாழும் காண்டி கோர்லே எழுதிய ‘போன் டாக்’, 1899இல் வட லூசோன் மலைகளில் வாழ்ந்த பொந்தோக் மக்களின் கிராமத்துக்குள் முதன்முதலாக அமெரிக்கர் வந்து நுழைவதை ஒரு சிறுவனின் கண்களால் காட்டுகிறது. அதைத் தொடர்ந்து 2023இல் வெளிவந்த ‘வைல்ட் சாங்’ அதே கிராமத்துப் பெண்ணை 1904இல் செயின்ட் லூயிஸ் நகரில் நடந்த உலகக் கண்காட்சிக்கு அழைத்துச் செல்கிறது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட பிலிப்பைன்ஸ் மக்களை அங்கே கிராமங்கள்போல் அமைத்து, டிக்கெட் வாங்கி வந்தவர்கள் பார்ப்பதற்குக் காட்சிப் பொருளாக வைத்திருந்தார்கள்.

அமெரிக்கர் அங்கே எப்படி வந்தார்கள் என்று தெரியாவிட்டால் இந்த நாவல்களில் பாதி விளங்காது. முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் ஆண்ட ஸ்பெயின், 1898 டிசம்பரில் பாரிஸில் கையெழுத்தான உடன்படிக்கையின்படி, இரண்டு கோடி டாலருக்குத் தீவுகளை அமெரிக்காவிடம் ஒப்படைத்தது. தாங்களே சுதந்திரப் பிரகடனம் செய்துகொண்டிருந்த மக்கள் இதை ஏற்காமல் 1899இல் போர் மூண்டது. போர் அடங்குவதற்குள் 1901இல் ‘தாமஸ்’ என்ற கப்பலில் ஏறக்குறைய ஐந்நூறு அமெரிக்க ஆசிரியர்கள் வந்து இறங்கிப் பள்ளிகளில் ஆங்கிலம் கற்பித்தார்கள். இன்று இந்த நாவல்கள் ஆங்கிலத்தில் எழுதப்படுவதற்கு மூல காரணங்களில் ஒன்று அந்தக் கப்பல். ஸ்பானியர் விட்டுச் சென்ற அடையாளமோ பெயரிலேயே இருக்கிறது. 1849இல் கவர்னர் ஜெனரலாக இருந்த நார்சிஸோ கிளவேரியா, வரி வசூலிக்க வசதியாக இருக்கும் பொருட்டு, அகரவரிசையில் குடும்பப் பெயர்ப் பட்டியல் ஒன்றைத் தயாரித்து மாகாணங்களுக்குப் பகிர்ந்தளித்தார். பட்டியலின் ஒரு பகுதி ஓர் ஊருக்குப் போயிற்று; அதனால் பிகோல் பிரதேசத்தின் ஓவாஸ் என்ற ஊரில் பழங்குடும்பங்களின் பெயர்களெல்லாம் ‘ஆர்’ என்ற ஒரே எழுத்தில் தொடங்குகின்றன. ரெகுவேரோ என்ற பெயரைச் சுமந்துகொண்டு தன் வேரைத் தேடி அதே பிரதேசத்துக்குப் போகும் ஜே, வரி வசூலுக்காகத் தயாரான ஒரு பட்டியலையும் கூடவே சுமந்துகொண்டு போகிறான் என்று சொல்லலாம்.

ஸ்பானியருக்கு முந்திய காலத்துச் சாசனம் ஒன்று இங்கே நினைவுக்கு வருகிறது. 1989இல் லகூனா மாகாணத்தில் ஆற்றங்கரையில் மணல் தோண்டும்போது கிடைத்த சிறிய செப்பேடு அது. பல்லவர் எழுத்திலிருந்து கிளைத்து ஜாவாவில் வளர்ந்த காவி லிபியில் எழுதப்பட்டு, சக வருஷம் 822, அதாவது கி.பி. 900 என்று காலம் குறித்திருப்பதால், அந்தத் தீவுகளின் மிகப் பழைய எழுத்துச் சான்றாக அறிஞர்கள் அதை மதிக்கிறார்கள். அதன் விஷயம் அரசர் புகழுமல்ல, தெய்வத் துதியுமல்ல. நம்வாரன் என்பவர் பட்டிருந்த பொற்கடன் தீர்ந்துவிட்டது, அவருடைய பிள்ளைகள் மீதும் வழித்தோன்றல்கள் மீதும் இனி அது சாராது என்ற விடுதலைப் பத்திரம். முன்னோர் கடன் பிள்ளைகளைப் பிடிக்கும் என்பதை ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன்பே அறிந்திருந்த நாடு அது.

கடன் கைமாறிக்கொண்டே வருவதைத்தான் ரிபாய் 2024இல் வெளியிட்ட ‘எவ்ரிதிங் வி நெவர் ஹாட்’ நாவலில் நான்கு தலைமுறைகளில் வைத்துக் காட்டுகிறார். பிரான்சிஸ்கோ, எமில், கிரிஸ், என்ஸோ என்று மாக்ஹபோல் குடும்பத்தின் நான்கு ஆண்மக்கள், நால்வரும் ஏறக்குறைய பதினாறு வயதில், முறையே 1930, 1965, 1983, 2020 ஆகிய ஆண்டுகளில் நம்முன் வருகிறார்கள். கொள்ளுப்பாட்டனும் கொள்ளுப்பேரனும் ஒரே வயதில் ஒருவரையொருவர் அறியாமல் பக்கம் பக்கமாக நடந்து வரும் இந்த அமைப்பினால், தகப்பனாக நாம் கண்டு கோபித்துக்கொண்டவனையே அடுத்த அத்தியாயத்தில் மகனாகக் கண்டு இரங்கும் நிலை வாசகனுக்கு நேர்கிறது.

பிரான்சிஸ்கோ கலிபோர்னியாவின் வாட்ஸன்வில் நகரத்துத் தோட்டங்களில் கூலி வேலை செய்கிறான். அமெரிக்கக் கொடியின் கீழ் பிறந்ததனால் தடையின்றி வந்து, கீரை வயல்களில் நாள் முழுவதும் குனிந்து உழைத்த அந்த இளைஞர்கள், மாலையில் நல்ல உடை உடுத்தி நடன மண்டபங்களுக்குச் சென்று வெள்ளைப் பெண்களுடன் ஆடியதை நகரத்தார் பொறுக்கவில்லை. 1930 ஜனவரியில் நூற்றுக்கணக்கானோர் கூட்டமாகத் திரண்டு, அவர்களைத் தெருக்களிலும் தங்குமிடங்களிலும் தேடித் தேடித் தாக்கினார்கள். தங்குமிடம் ஒன்றில் பாய்ந்த குண்டுக்கு ஃபெர்மின் தோபேரா என்ற இருபத்திரண்டு வயதுத் தொழிலாளி இரையானான். அவன் சடலம் தாய்நாட்டுக்கு அனுப்பப்பட்டது, மணிலாவில் ஜனங்கள் பெருந்திரளாகத் துக்கம் காத்தார்கள். இந்தக் கொடுமைக்காகக் கலிபோர்னியா சட்டசபை மன்னிப்புக் கோரியது 2011இல்.

பிரான்சிஸ்கோ தொழிற்சங்கத் தொண்டனாகி, போராட்டம் எங்கே உண்டோ அங்கே போய்விடுகிறான். 1965 செப்டம்பர் 8ஆம் தேதி டெலானோ நகரில் லாரி இட்லியோங் முதலியோர் தலைமையில் பிலிப்பைன்ஸ் தொழிலாளர்கள் திராட்சைத் தோட்டங்களில் வேலைநிறுத்தம் தொடங்க, சில நாட்களில் சீஸர் சாவேஸ் தலைமையிலான மெக்ஸிகோத் தொழிலாளர்கள் வந்து சேர, ஐந்தாண்டுகள் நடந்து வெற்றி பெற்ற அந்தப் போராட்டம் அமெரிக்கத் தொழிலாளர் சரித்திரத்தில் ஒரு பெரிய அத்தியாயம். வீட்டில் இருந்த மகன் எமிலுக்கோ அது தகப்பன் இல்லாத வீடு. ஊருக்கெல்லாம் நியாயம் கேட்டுப் புறப்பட்ட மனிதர் தன்னைப் பார்க்க வரவில்லை என்ற மனக்கசப்பிலே, தொழிலாளர் இயக்கம், தாய்நாடு, பழமை யாவற்றையும் உதறிவிட்டுப் படிப்பு ஒன்றையே பிடித்துக்கொண்டு முன்னேறுகிறான். அந்தப் படிப்பைத் தன் மகன் கிரிஸ் மீது இரும்புச் சட்டமாக ஏவுகிறான். கிரிஸ் பதினாறு வயதில் இருக்கும் 1983ஆம் ஆண்டு, மார்க்கோஸின் எதிர்க்கட்சித் தலைவர் பெனிக்னோ அக்கீனோ மணிலா விமான நிலையத்தில் கொல்லப்பட்ட ஆண்டு. தகப்பன் வாயே திறவாத ஒரு தேசத்தைப் பற்றிக் கிரிஸ் தானாகவே படிக்கத் தொடங்குகிறான். 2020இல் கொரோனா வந்து வயதான எமில் மகன் வீட்டில் தங்க நேரும்போது, பேசிக்கொள்ளாத தகப்பனுக்கும் மகனுக்கும் நடுவில் பேரன் என்ஸோ நிற்கிறான். முன்னர் பார்த்த நாவலைவிட இது சற்றுச் சிதறலானது. நான்கு காலங்களுக்கும் சமமாக இடம் தர முயன்றதில் கிரிஸின் பகுதி மெலிந்துவிட்டது என்பது என் அபிப்பிராயம். ஆயினும், பொதுநன்மைக்காக வீட்டைத் துறந்தவனின் தியாகத்தையும், அந்தத் தியாகத்தின் விலையைக் கொடுத்த பிள்ளையின் காயத்தையும் ஒருங்கே மதிக்கும் பெருமனம் இந்நூலில் இருக்கிறது.

நாவலின் பிரான்சிஸ்கோவுக்குப் பிள்ளை இருந்தது, பேரன் இருந்தான். அவனோடு வயலில் குனிந்து நின்ற பெரும்பாலோருக்கு அது வாய்க்கவில்லை. பிலிப்பைன்ஸிலிருந்து வந்தவர்களில் மிகப் பெரும்பான்மையோர் ஆண்கள். வெள்ளைப் பெண்களை மணக்க அவர்களுக்கு உரிமையில்லை என்று கலிபோர்னியா 1933இல் தன் கலப்புமணத் தடைச் சட்டத்தைத் திருத்திக்கொண்டது. தாய்நாட்டிலிருந்து மணப்பெண் வருவதற்கும் வழியில்லாதபடி, 1934ஆம் ஆண்டுச் சட்டம் ஆண்டுக்கு ஐம்பது பேர் என்று குடியேற்றத்தைச் சுருக்கிவிட்டது. தடைச் சட்டத்தை நீதிமன்றம் தள்ளுபடி செய்த 1948இல் அவர்களில் பலருக்கு வயது நாற்பதைக் கடந்திருந்தது. ‘மனோங்’, அதாவது அண்ணன், என்று மரியாதையாக அழைக்கப்பட்ட அந்த முதியவர்கள் சான்பிரான்சிஸ்கோ, ஸ்டாக்டன் முதலிய நகரங்களின் மலிவான விடுதிகளில் தனியாக மூப்படைந்தார்கள். சான்பிரான்சிஸ்கோவின் இன்டர்நேஷனல் ஹோட்டலில் இருந்த அத்தகைய முதியவர்களை 1977 ஆகஸ்டு 4ஆம் தேதி விடியுமுன் போலீசார் வெளியேற்றியபோது, அவர்களைக் காக்க ஆயிரக்கணக்கானோர் கைகோத்துச் சுற்றி நின்றார்கள். அவர்களில் பலர் கல்லூரி மாணவர்கள். டெலானோவில் வீடற்ற முதிய தொழிலாளர்களுக்கென்று 1974இல் திறக்கப்பட்ட அக்பயானி கிராமத்தைக் கட்டவும் இளைஞர்கள் வந்து உடலுழைப்புத் தந்தார்கள். சொந்தப் பேரப்பிள்ளைகள் இல்லாதவர்களிடம் பிறர் வீட்டுப் பிள்ளைகள் போய் உட்கார்ந்து, நீங்கள் எப்போது வந்தீர்கள், என்ன நடந்தது என்று கேட்டு எழுதிக்கொண்ட காலம் அது. இன்றைய நாவலாசிரியர்களின் கைக்கு எட்டும் செய்திகளில் கணிசமானவை அவ்விதம் சேர்க்கப்பட்டவை.

ஸ்டாக்டன் நகரத்து ‘லிட்டில் மணிலா’வில் உணவகம் நடத்திய ஒரு மனோங்கின் பேத்தியான டான் பொஹுலானோ மபலோன், வளர்ந்து சரித்திரப் பேராசிரியையாகி, நெடுஞ்சாலைக்காக இடிக்கப்பட்ட அந்தப் பேட்டையின் வரலாற்றை 2013இல் நூலாக எழுதினார், 2018இல், தான் காலமான ஆண்டிலேயே, லாரி இட்லியோங்கின் வாழ்க்கையைக் கெயில் ரோமசான்டாவுடன் சேர்ந்து சிறுவர் நூலாகவும் தந்தார். 2013இல் கலிபோர்னியா இயற்றிய ஒரு சட்டம், தொழிலாளர் இயக்கத்தில் பிலிப்பைன்ஸ் மக்களின் பங்கைப் பள்ளிப் பாடத்தில் சேர்க்கும்படி விதித்தது. டெலானோ வேலைநிறுத்தத்தைப் பற்றி அறிய இன்று ஒரு மாணவன் பாடப்புத்தகத்தைத் திறந்தால் போதும். அந்த ஆண்டுகளில் எமில் எந்தச் சாப்பாட்டு வேளையில் தகப்பனுக்காகக் காத்திருந்தான் என்பதை அறிய, என்ஸோ தாத்தாவின் அறைக் கதவைத் தட்ட வேண்டியிருக்கிறது.